செத்த காலேஜுக்கு வந்த மாலை

மியூசியத்தை மியூசியம் என்று சொல்லியிருந்தால் போதும். எல்.கே.ஜி. பிள்ளைகூடச் சொல்லும். நான் சொல்லவில்லை. நேராகச் சொல்ல வேண்டியதை நேராகச் சொன்னால் நாக்கில் கொப்புளம் வந்துவிடும் என்று எனக்குச் சின்ன வயதிலிருந்தே ஒரு பயம். பஸ் ஸ்டாண்டில் வழி கேட்டால்கூட ஒரு நக்கல் சேர்த்துத்தான் சொல்வேன். (கேட்டவர் வேறு ஊருக்குப் போய்ச் சேர்ந்ததும் உண்டு.)

எங்கள் வீட்டில் மியூசியத்துக்குச் செத்த காலேஜ் என்று பெயர். மெட்ராஸ் காற்று படுகிற ஊர்களில் பழைய ஆட்களுக்கு இது தெரியும். மிருகக்காட்சி சாலை உயிர் காலேஜ். மியூசியம் செத்த காலேஜ். அங்கே இருப்பவை மூச்சு விடும், இங்கே இருப்பவை விடாது. இதைவிடச் சரியாக எந்தப் புலவரும் பெயர் வைத்திருக்க முடியாது. ஆனால் இந்தப் பெயர் கும்மிடிப்பூண்டியில் கிளம்பி, திருவள்ளூர் தாண்டி, பள்ளிப்பட்டு வரைக்கும் போய்ச் சேரவில்லை என்பது எனக்குத் தெரியாது.

பள்ளிப்பட்டுப் பக்கம் நெல் போடுகிறவர் முனிரத்தினம். அவர் மகள் கலைவாணி. அவளும் நானும் கும்மிடிப்பூண்டியில் கார்களுக்கு ரப்பர் சாமான் செய்கிற ஒரு கம்பெனியில் வேலை பார்த்தோம். அவள் ஸ்டோர்ஸில், நான் குவாலிட்டியில். அவள் அனுப்புகிற சாமானை நான் ரிஜெக்ட் செய்வேன், நான் சொல்லுகிற ஜோக்கை அவள் ரிஜெக்ட் செய்வாள். இப்படியே வளர்ந்து கல்யாணம் வரைக்கும் வந்துவிட்டது.

எங்கள் வீட்டில் உடனே சம்மதம். (இவனுக்கும் ஒருத்தி சரி என்றாளே என்ற ஆச்சரியத்தில் கேள்வியே கேட்கவில்லை.) அவர்கள் வீட்டில்தான் இழுத்தது. பெண் பார்க்கப் போன அன்று முனிரத்தினம் என்னிடம், "தம்பிக்கு இன்னா பழக்கம் உண்டு?" என்று கேட்டார். சிகரெட், தண்ணி பற்றிய கேள்வி. நான் கேசரியை வாயில் வைத்துக்கொண்டு, "சாப்புடற பழக்கம் மட்டும்தான் மாமா, அதையும் விடலாம்னு பாக்கறேன்" என்றேன். ஒருவரும் சிரிக்கவில்லை. சுவரில் இருந்த பல்லி மட்டும் மூன்று முறை ச்ச் கொட்டியது.

அன்று அவர் மகளிடம் சொன்னது: "பையன் நல்லவன்தாம்மா. ஆனா எல்லாத்தையும் சிரிச்சிகினே தாண்டுறான். நாளைக்கு ஒரு நல்லது கெட்டதுன்னா நிப்பானா?"

அதில் 'கெட்டது' என்பதுதான் முக்கியம். அந்தப் பக்கத்தில் எந்த ஊரில் சாவு விழுந்தாலும் முனிரத்தினம் அங்கே நிற்பார். அறுப்பு ஆள் வயலில் இறங்கியிருந்தாலும் விட்டுவிட்டுப் போவார். கல்யாணத்துக்குப் போகாதவனை அவர் மன்னிப்பார். சாவுக்குப் போகாதவனை வாசற்படி ஏற்ற மாட்டார். ஆடி போகட்டும், பதில் சொல்கிறேன் என்று தள்ளிவைத்திருந்தார். இதற்கிடையில் பொதட்டூர்பேட்டையில் அரிசி மண்டி வைத்திருக்கிற ஒரு பையனின் ஜாதகம் வேறு வந்து சேர்ந்தது. அவன் சிரிக்கவே மாட்டானாம். போட்டோவைப் பார்த்தேன். உண்மைதான். பான் கார்டுக்கு எடுத்த முகத்தோடு பிறந்திருந்தான்.

"எங்க நைனாவை ஒரு தடவை மரியாதையான எடத்துக்குக் கூட்டிகினு போ" என்றாள் கலைவாணி. "அங்க வாயை மூடிகினு நில்லு. அவரு ஆளைப் பாத்தே எடை போட்டுருவாரு. இதுலயும் கோட்டை உட்டேன்னா, பொதட்டூர்பேட்டைதான் எனக்கு."

(அவர்கள் வீட்டில் அப்பாவையும் நைனா என்பார்கள். அப்பா ஊரில் உள்ள இளவட்டம் எல்லாரையும் நைனா என்பார். போகப் போகப் பழகிவிடும்.)

மரியாதையான இடம் என்று நான் தேடிப் பிடித்தது, திருவள்ளூரைத் தாண்டி ஒரு காலேஜுக்குள் இருக்கிற இயற்கை வரலாற்று மியூசியம். (காலேஜ் பெயர் வேண்டாம். வாட்ச்மேனுக்கு என் முகம் இன்னும் மறந்திருக்காது.) ஞாயிற்றுக்கிழமைகளில் கைடு வைத்துச் சுற்றிக் காட்டுவார்கள். உள்ளே ஒரு திமிங்கலத்தின் முழு எலும்புக்கூடு. அமைதி, படிப்பு, பெருமை மூன்றும் ஒரே கூரையின் கீழ். மாமனார் என்னை அங்கே பார்த்தால், எனக்குள் ஒரு விஞ்ஞானி ஒளிந்திருப்பதாக நினைப்பார் என்று கணக்குப் போட்டேன். திமிங்கலத்தைப் பற்றி உங்க நைனாகிட்ட சொல்லி வை என்று கலைவாணியிடம் சொன்னேன். நான் சொல்வேன் என்று அவள் விட்டுவிட்டாள்.

மதியச் சாப்பாட்டு நேரத்தில் போன் போட்டேன். நான் நின்ற இடத்துக்குப் பக்கத்தில் கம்ப்ரஸர் ஓடிக்கொண்டிருந்தது.

"மாமா, சதீஷ் பேசறேன். ஞாயித்துக்கெழம செத்த காலேஜுக்கு நீங்க குடும்பத்தோட வரணும்."

அந்தப் பக்கம் யாரிடமோ டி.வி.யை அணைக்கச் சொல்வது கேட்டது.

"இன்னா நைனா சொல்ற? செத்தா... காலேஜுலயா?"

"ஆமா மாமா, காலேஜுக்குள்ளதான் வெச்சிருக்காங்க."

"ஐயய்யோ. பெரிய உசுரா?"

வயதானவர் போய்விட்டால் அவர்கள் பக்கம் பெரிய உசுரு என்பார்கள். எனக்கு அது தெரியாது. ஓகோ, கலைவாணி திமிங்கலத்தைப் பற்றிச் சொல்லிவிட்டாள் என்று ஒரே சந்தோஷம்.

"பெரிசுன்னா இப்படி அப்படிப் பெரிசு இல்ல மாமா. ஹாலு பூரா அதுதான்!"

"இருக்காதா பின்ன, ஜனம் கூடும் இல்ல. எப்பிடி ஆச்சு நைனா?"

"கடல்ல மாமா. பழவேற்காடு பக்கம் கரை ஒதுங்கிச்சாம்."

"தண்ணியில போன உசுரா! அடக் கடவுளே... ஞாயித்துக்கெழம வரைக்கும் எடுக்க மாட்டாங்களா?"

"எங்க மாமா எடுக்கறது, அங்கயேதான் இருக்கும். ஃபாரின்லேர்ந்தெல்லாம் பாக்க வராங்க."

"ஆமாமா. புள்ளைங்க ஃபாரின்ல இருந்தா அவங்க வர்ற வரைக்கும் பொட்டியில வெச்சுத்தான் ஆவணும்."

புள்ளைங்க என்றது கம்ப்ரஸரில் கரைந்துபோய்விட்டது. எனக்குக் காதில் விழுந்தது பொட்டி மட்டும்தான்.

"கண்ணாடிப் பொட்டி நெறைய இருக்கு மாமா!"

"மனச உட்ராத நைனா. நாங்க எல்லாரும் வந்துர்றோம்."

மனசை விடாதே என்று மாமனாரே சொல்கிறார்! கல்யாணம் முடிந்த மாதிரிதான் என்று அன்று குவாலிட்டி செக்‌ஷன் முழுக்க டீ வாங்கிக் கொடுத்தேன்.

ஞாயிற்றுக்கிழமை காலை கலைவாணியும் நானும் முன்னாலேயே போய்க் காலேஜ் வாசலில் நின்றோம். நான் இஸ்திரி மடிப்புக் கலையாத புதுச் சட்டை. பள்ளிப்பட்டிலிருந்து வேன் வந்தது. நான் முப்பத்திரண்டு பல்லையும் காட்டிக்கொண்டு ஓடினேன்.

"வாங்க மாமா! வாங்க அத்தை! வாங்க வாங்க வாங்க!"

இறங்கினவர்கள் அப்படியே நின்றுவிட்டார்கள். எல்லாரும் வெளுத்த துணி. ஆண்கள் தோளில் துண்டு. பெண்கள் தலையில் ஒரு மொட்டுப் பூ இல்லை. கலைவாணியின் அம்மா முந்தானையை வாயில் வைத்துக்கொண்டு பக்கத்தில் இருந்த தங்கையிடம், "பாவம் புள்ள, பிரமை புடிச்சிட்டுகீது. சாவுக்கு வந்தவங்களைப் போயி வாங்கன்னுது பாரு" என்றார்.

முனிரத்தினம் வந்து என் இரண்டு கையையும் சேர்த்துப் பிடித்தார். பிடித்தபடியே கொஞ்ச நேரம் நின்றார். துக்க வீட்டில் அப்படித்தான் பிடிப்பார்கள். காட்டிய பல்லை ஒவ்வொன்றாக உள்ளே இழுத்துக்கொண்டேன்.

அப்போது டிரைவர் வேனின் பின்கதவைத் திறந்து மாலையை எடுத்தார். ரோஜா மாலை. ஆளுயரம். பெரிய உசுருக்கு ஏற்ற மாலை.

கலைவாணி மாலையைப் பார்த்தாள். பிறகு என்னைப் பார்த்தாள். "எங்க நைனாகிட்ட போன்ல இன்னான்னு சொன்ன?"

"செத்த காலேஜுக்கு வாங்கன்னு சொன்னேன்."

அவள் கண்ணை மூடிக்கொண்டாள்.

"சொல்லிடட்டுமா?" என்றேன், காற்றுப் போன குரலில்.

"இப்ப சொன்னியா, சாவை வெச்சு வெளையாடினான்னுட்டு அப்பிடியே வேன்ல ஏறிடுவாரு. வேன் நேரா பொதட்டூர்பேட்டைலதான் போய் நிக்கும். எடுத்துட்டாங்கன்னு சொல்லிடு. நம்ம வர்றதுக்குள்ள எடுத்துட்டாங்கன்னு சொல்லு."

நல்ல யோசனை. முகத்தைத் தொங்கப் போட்டுக்கொண்டு, "மாமா, நம்ம வர்றதுக்குள்ள..." என்று ஆரம்பித்தேன். அதற்குள் உள்ளேயிருந்து ஒரு பெண் வந்துவிட்டாள். வெள்ளைச் சுடிதார், கழுத்தில் அடையாள அட்டை. பெயர் ஜெனிஃபர். விலங்கியல் படிக்கிற பெண், அன்றைக்கு எங்கள் கைடு.

"எல்லாரும் பாக்க வந்தவங்களா?" என்று மெல்லிய குரலில் கேட்டாள். "உள்ளதான் இருக்கு. செருப்பை வெளிய விட்டுருங்க. உள்ள சத்தம் வேணாம். எதையும் தொட வேணாம்."

எங்கள் ஆட்கள் மரியாதையாகத் தலையாட்டினார்கள். முனிரத்தினம் அவள் பக்கத்தில் போய், "நீ இன்னா மொறை ஆவணும்மா?" என்று கேட்டார்.

அவளுக்குப் புரியவில்லை. "நான் வந்து கொஞ்ச நாள்தான் சார் ஆவுது" என்றாள்.

மாமா திரும்பி அத்தையிடம், "புது மருமவ" என்றார். அத்தை உச்சுக் கொட்டினார். "வந்த நேரத்துலயா இப்பிடி ஆவணும்? வாயில போட்டு மெல்லுவாங்களே அந்தப் பொண்ணை."

ஒரு மியூசியத்துக்கும் துக்க வீட்டுக்கும் இவ்வளவு ஒற்றுமை இருக்கும் என்று அதுவரைக்கும் நான் யோசித்ததில்லை. உள்ளே ஏ.சி. குளிர். மார்ச்சுவரியில் அடிக்கிற அதே மருந்து வாசனை. கண்ணாடிப் பெட்டிகள். எல்லாரும் கிசுகிசுவென்று பேசுகிறார்கள். சுவரில் யாரோ மீசைக்காரரின் பெரிய போட்டோ. (பட்டாம்பூச்சிகளைச் சேர்த்துக் கொடுத்தவராம். கன்னியம்மா சின்னத்தை அதைப் பார்த்துக் கும்பிட்டுக்கொண்டார்.)

கன்னியம்மா சின்னத்தை என்பவர் கலைவாணியின் அம்மாவுக்குத் தங்கை. பள்ளிப்பட்டு வட்டாரத்தில் ஒப்பாரி என்றால் அவர்தான். அவர் போய் உட்கார்ந்து குரலெடுத்தால்தான் அந்தப் பக்கம் சாவு சாவாகும். அன்றைக்கு வேனில் வரும்போதே தொண்டைக்குப் பனங்கற்கண்டு போட்டுக்கொண்டு வந்திருந்தார்.

மாமா நிமிர்ந்தே பார்க்கவில்லை. சாவு வீட்டில் நாலு பக்கமும் பார்த்துச் சொத்தை நோட்டம் விடுவது மரியாதை இல்லை என்பது அவர் கொள்கை. அதனால் சிறுத்தை, புள்ளிமான், சாரைப்பாம்பு எல்லாவற்றையும் தரையைப் பார்த்தபடியே தாண்டினார். ஜெனிஃபர் கொக்குக்கும் பூநாரைக்கும் நடுவில் நின்று, எந்தப் பறவை எந்த மாதம் பழவேற்காட்டு ஏரிக்கு வரும் என்று விளக்கினாள்.

"இந்த நெலைமையிலயும் எவ்ளோ பொறுப்பா பேசுது பாரு" என்றார் மாமா.

ஜெனிஃபர் என்னை ஓரமாக அழைத்து, "சார், உங்க ஃபேமிலி ரொம்ப டிசிப்ளின். இவ்ளோ அமைதியா யாரும் கேட்டதே இல்ல" என்றாள். பின்னால் ஒரு பள்ளிக்கூடப் பிள்ளைகள் கூட்டம் சத்தம் போட்டுக்கொண்டு வந்தது. எங்களைக் காட்டி டீச்சர் அவர்களை அதட்டினார்.

கடைசியாக ஒரு பெரிய கதவு. ஜெனிஃபர் அதன் மேல் கை வைத்து நின்றாள். குரலை இன்னும் தாழ்த்தினாள்.

"இதுக்குள்ளதான் எங்க பெரியவர் இருக்காரு."

அது காலேஜ் பசங்கள் திமிங்கலத்துக்கு வைத்த செல்லப் பெயர். அது எனக்கே அப்புறம்தான் தெரியும். கன்னியம்மா சின்னத்தைக்கு அந்த ஒரு சொல் போதுமாயிருந்தது. கொண்டையை அவிழ்த்தார். கதவு திறந்த வேகத்தில் உள்ளே ஓடி, நட்டநடு ஹாலில் தரையில் உட்கார்ந்து, கண்ணை இறுக மூடிக்கொண்டு எடுத்தார்:

"கடலாளப் போனவரே, என் ராசா
கரைமேல படுத்தீரே...
ஊராளும் உத்தமரே, என் ராசா
ஒரு வார்த்த சொல்லலியே..."

அந்தக் குரலை நான் சாகும்வரை மறக்க மாட்டேன். (செத்த பிறகும் கேட்கத்தான் போகிறேன், அவர் எனக்கும் பாடுவதாக வாக்குக் கொடுத்திருக்கிறார்.) அடிவயிற்றிலிருந்து எழும்பிக் கூரையில் மோதித் திரும்பி வந்தது.

மற்றவர்கள் ஒவ்வொருவராகத் தலையை நிமிர்த்தினார்கள். மேலே திமிங்கலம். இரும்புக் கம்பிகளில் தொங்கிக்கொண்டு, ஹாலின் இந்த முனையிலிருந்து அந்த முனை வரைக்கும். பந்தலுக்கு வளைத்துக் கட்டிய மூங்கில் மாதிரி விலா எலும்புகள். முனிரத்தினம் வாலில் ஆரம்பித்து மெல்ல மெல்லப் பார்வையை நகர்த்தித் தலை வரைக்கும் போனார். பிறகு தலையிலிருந்து வால் வரைக்கும் திரும்பி வந்தார்.

பாட்டு மட்டும் ஓடிக்கொண்டிருந்தது. கூடப் பாடுகிறவர்கள் யாரும் இல்லையே என்று சின்னத்தை ஒரு கண்ணை மட்டும் திறந்து பார்த்தார். பார்த்ததும் 'என் ரா' என்பதோடு நின்றுபோனது. 'சா' வரவில்லை.

அந்த 'சா' வராததுதான் என்னைக் கவிழ்த்தது. எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. சாதாரணச் சிரிப்பு இல்லை. விலா எலும்பைப் பிய்த்துக்கொண்டு வருகிற சிரிப்பு. இப்போது சிரித்தால் கலைவாணி இல்லை என்று தெரியும். கர்ச்சீப்பை வாயில் திணித்தேன். சுவர்ப் பக்கம் திரும்பினேன். தோள் குலுங்குகிறது. கண்ணில் தண்ணீர் கொட்டுகிறது. செத்துப்போன என் தாய்மாமனை நினைத்துப் பார்த்தேன், இன்கிரிமென்ட் வராததை நினைத்துப் பார்த்தேன். ஒன்றும் உதவவில்லை.

தோளில் ஒரு கை விழுந்தது. உழுது காய்ப்பேறின கை. அறை விழப்போகிறது என்று கன்னத்தைத் தயார் செய்துகொண்டேன். மாமா என்னைப் பார்க்கவே இல்லை. கையை எடுக்காமலே ஜெனிஃபரிடம் கேட்டார்.

"இது எப்பிடிம்மா செத்துச்சு?"

துக்க வீட்டில் கேட்கிற முதல் கேள்வி. அதே குரலில் கேட்டார்.

"உயிரோடதான் சார் கரைக்கு வந்துச்சாம்" என்றாள் ஜெனிஃபர். "குப்பத்து ஆளுங்கள்லாம் சேந்து திரும்பக் கடலுக்குத் தள்ளிப் பாத்திருக்காங்க. முடியல. வெயில்ல தோலு காயக் கூடாதுன்னு பொம்பளைங்க கொடத்துல தண்ணி மொண்டு மொண்டு ஊத்தியிருக்காங்க. சாயங்காலம் அடங்கிடுச்சு."

"எதுக்குக் கரைக்கு வந்துச்சு?"

"அது தெரியல சார். கூட்டமா போற ஜீவன். எப்படியோ இது மட்டும் தனியாயிடுச்சு."

"கூட இருந்தவங்க யாரும் தேடி வரலியா?"

ஜெனிஃபர் திமிங்கலத்தை நிமிர்ந்து பார்த்தாள். அவள் மனப்பாடம் செய்திருந்ததில் அந்தக் கேள்வி இல்லை போல.

என் தோள் இன்னும் குலுங்கிக்கொண்டிருந்தது. ஆனால் சிரிப்பு எப்போது நின்றதென்று எனக்குத் தெரியவில்லை. குடத்தில் தண்ணீர் மொண்டு ஊற்றினார்கள் என்றாளே, அங்கேயா? தேடி வரவில்லையா என்று அவர் கேட்டாரே, அங்கேயா? கர்ச்சீப்பை வாயிலிருந்து எடுத்துக் கண்ணில் வைத்துக்கொண்டேன்.

அத்தை மெதுவாக, "மீனுதானேம்மா இது?" என்றார்.

"மீன் இல்லம்மா. குட்டி போட்டுப் பால் குடுக்கற ஜாதி. பசங்க பெரியவர்னு சும்மா பேரு வெச்சிட்டாங்க. இது பொண்ணு."

தரையிலிருந்து ஓர் அலறல். "அடியே! பொம்பளையா? நான் ராசான்னு பாடிட்டேனேடி!"

சின்னத்தைக்குத் தொழில் மானம் போய்விட்டது. செத்தவர் யார் என்று விசாரிக்காமல் அவர் வாழ்நாளில் பாடியதில்லை. முந்தானையை உதறி மறுபடி உட்கார்ந்தார். "கடலாளப் போனவளே, என் ராசாத்தி" என்று முதல் அடியிலிருந்து எடுத்தார். இந்த முறை அத்தையும் மற்ற பெண்களும் சேர்ந்துகொண்டார்கள். இந்த முறை யாரும் நிறுத்தவில்லை.

"யாராவது மாலை போட்டாங்களாம்மா இதுக்கு?" என்று, டிரைவர் தூக்கி வந்திருந்த மாலையை வாங்கிக்கொண்டே மாமா கேட்டார்.

"இல்ல சார். அந்த மாதிரியெல்லாம்..."

"சாவுக்கு வாங்கின மாலை திரும்பி ஊட்டுக்குப் போவக் கூடாதும்மா."

ஜெனிஃபர் திமிங்கலத்தைப் பார்த்தாள், மாலையைப் பார்த்தாள். "தொடத்தான் கூடாது சார். கீழ தரையில வெச்சிக்கலாம்னு நெனைக்கிறேன். எனக்கும் தெரியல. இதுவரைக்கும் யாரும் கேட்டதில்ல."

முனிரத்தினம் துண்டை இடுப்பில் கட்டிக்கொண்டு, மாலையைத் திமிங்கலத்தின் தலைக்கு நேர்கீழே வைத்தார். ஒருமுறை சுற்றி வந்து கும்பிட்டார். வந்தவர்கள் எல்லாரும் சுற்றினார்கள். கலைவாணி சுற்றினாள். நான் சுற்றினேன். பள்ளிக்கூடப் பிள்ளைகள், இதுவும் டூரில் ஒரு பகுதி என்று நினைத்து, வரிசையாக வந்து அவர்களும் சுற்றினார்கள்.

அந்தச் சமயத்தில்தான் துறைத் தலைவர் அம்மா உள்ளே வந்தார். தரையில் தலைவிரி கோலமாகப் பெண்கள், கீழே ரோஜா மாலை, கும்பிட்டபடி ஒரு பள்ளிக்கூடம்.

"யாரு எறந்தது?" என்றார் பதறிப்போய்.

ஜெனிஃபர் விரலால் மேலே காட்டினாள்.

"இவங்களை யாரு கூட்டிட்டு வந்தது?"

மொத்தக் குடும்பமும் என்னைக் காட்டியது. கலைவாணி உட்பட. அந்தக் குடும்பம் என் விஷயத்தில் ஒருமனதாக இருந்தது அதுதான் முதல் தடவை.

மாமா கைகூப்பி, "அந்தப் பொண்ணை ஒண்ணும் சொல்லாதீங்கம்மா. நாங்க கேட்டுத்தான் வெச்சோம்" என்றார். அதற்கு மேல் அந்த அம்மாவால் திட்டவும் முடியவில்லை, சும்மா இருக்கவும் முடியவில்லை. வாட்ச்மேனைக் கூப்பிட்டு எங்களைக் கேட் வரைக்கும் கொண்டுபோய் விடச் சொன்னார். எங்கள் ஆட்கள் யாரிடமும் 'வரோம்' என்று சொல்லிக்கொள்ளாமல் நடந்தார்கள். சாவு வீட்டில் சொல்லிக்கொண்டு கிளம்பக் கூடாது. வாட்ச்மேனுக்கு இதெல்லாம் தெரியாது. கேட்டைத் திறந்து, வழக்கம்போல் ஒரு சல்யூட் அடித்து, "அடிக்கடி வாங்க சார்!" என்றார்.

"தூ! வாயைக் கழுவுய்யா!" என்றார் அத்தை.

கேட்டுக்கு உள்பக்கம் புல்தரைக்குத் தண்ணீர் விடுகிற குழாய் ஓடிக்கொண்டிருந்தது. மாமா அதைப் பார்த்தார். "குளிக்காம வேன்ல ஏறக் கூடாது. சாவு சொல்லிவுட்டவன் மொதல்ல."

அதாவது நான். தோட்டக்காரர் குழாயை என் பக்கம் திருப்பினார். இஸ்திரி மடிப்பு ஒவ்வொன்றாகக் கலைந்தது. பள்ளிக்கூட பஸ்ஸின் எல்லா ஜன்னல்களிலும் தலைகள், தலைகளுக்குப் பக்கத்தில் டீச்சரின் செல்போன். (அந்த வீடியோ மறுநாளே எங்கள் கம்பெனி குரூப்புக்கு வந்து, மேனேஜர் 'ஆழ்ந்த இரங்கல்' போட்டார்.)

நனைந்த கோழியாக நின்றேன். மாமாவும் தலையில் தண்ணீர் விட்டுக்கொண்டு என் பக்கத்தில் வந்து துண்டைப் பிழிந்தார்.

"மாமா, நான் வேணும்னு செய்யல" என்றேன். பல் தந்தியடித்தது. "எங்க ஊட்ல மியூசியத்தை அப்பிடித்தான் சொல்லுவாங்க. நக்கலா சொல்லி வாய்தான்... வாசல்லயே சொல்லியிருக்கணும். பயந்துட்டேன்."

அவர் துண்டை உதறினார். "மொதல்ல சிரிச்ச. பாத்தேன்."

கொஞ்ச தூரத்தில் கலைவாணி ஈரக் கூந்தலைப் பிழிவதை நிறுத்திவிட்டு எங்களையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"அப்புறம் அழுத. அதையும் பாத்தேன்" என்றார். துண்டைத் தோளில் போட்டுக்கொண்டார். "சிரிக்கறவனுக்கு அழ வராதுன்னு இத்தினி நாளா நெனச்சிகினு இருந்துட்டேன் நைனா."

பிறகு வேன் பக்கம் திரும்பி, எல்லாருக்கும் கேட்கிற மாதிரி அத்தையிடம் சொன்னார்: "முன்னபின்ன தெரியாத ஒரு கடல் ஜீவனுக்கு இந்த அழுவ அழுவறான். நாளைக்கு நான் போனா அம்போன்னா உட்ருவான்? ஆடி முடிஞ்சதும் நாள் பாரு."

சாவுக்கு வந்த இடத்தில் நல்ல காரியம் பேசக் கூடாது என்று அத்தை அவர் வாயைப் பொத்தினார். ஆனால் பேசியது பேசியதுதான். ஆவணியில் கல்யாணம்.

கதை அங்கே முடிந்திருந்தால் நான் பிழைத்திருப்பேன். மாமா சும்மா இருக்கவில்லை. போகிற சாவிலெல்லாம் என்னைப் பக்கத்தில் உட்கார வைத்து, "இவருதான் நம்ம மாப்ள. திமிங்கலத்துக்கே அழுதவரு" என்று அறிமுகப்படுத்தினார். அந்தப் பேர் என்னைவிட வேகமாக ஊர் ஊராகப் போய்விட்டது. ஊரைச் சிரிக்கவைக்கிறவன் என்று பேர் வாங்க ஆசைப்பட்டவன், இன்றைக்கு அந்த வட்டாரத்தில் நன்றாக அழுகிறவன். யாராவது போய்விட்டால், ஃப்ரீஸர் பெட்டிக்குச் சொல்கிற கையோடு எனக்கும் சொல்லிவிடுகிறார்கள். கம்பெனியில் லீவு கேட்டுப் போய் நின்றால் மேனேஜர் நிமிர்ந்து பார்க்காமல், "இந்தத் தடவை மனுசனா, மீனா?" என்கிறார். கலைவாணி ஒரு கர்ச்சீப்புக்கு இரண்டாக மடித்துப் பையில் வைத்து, "ரொம்ப அழுது ஒடம்பைக் கெடுத்துக்காத. சின்னத்தைக்கும் கொஞ்சம் உட்டு வை" என்று அனுப்பி வைக்கிறாள்.

போன மாதம் ஆந்திர எல்லையோரம் ஓர் ஊரில் சாவு. எங்களுக்கு எந்த உறவும் இல்லை. மாமாவுக்கு யாரோ தெரிந்தவருக்குத் தெரிந்தவர். போய்ச் செருப்பைக் கழற்றி நிமிர்வதற்குள் செத்தவரின் மகன் என்னைத் தேடிக்கொண்டு வந்தார். என் இரண்டு கையையும் பிடித்தார். குரலைத் தாழ்த்திக் கொஞ்சம் கூச்சத்தோடு கேட்டார்.

"நீங்கதான் அந்தத் திமிங்கல மாப்ளையா?"

தலையாட்டினேன்.

"எங்க நைனா அவ்ளோ பெரிசு இல்லீங்க. ஒல்லியான மனுசன். இருந்தாலும், கொஞ்சம் பாத்துச் செய்ங்க."